விடுபட்ட பாடலும் கிடைக்காத படமும்

புறநானூற்றை முறையாகக் கற்பிக்கும் தமிழாசிரியர் ஓரிடத்தில் சற்றே நின்று மாணவர்க்கு விளக்கம் ஒன்று கூற வேண்டியவராகிறார். 266ஆம் பாடலை அடுத்து 269ஆம் பாடல் வருகின்றது. இடையிலுள்ள இரண்டும் எங்கே என்று மாணவன் கேட்கிறான். அவை கிடைக்கவில்லை என்பதே விடை. 1894ஆம் ஆண்டில் டாக்டர் உ. வே. சாமிநாதையர் அந்நூலை முதன்முதலாக அச்சேற்றியபோது, அவ்விடங்களைத் தாமே செய்யுள் புனைந்து நிரப்பினாரல்லர். எண்களை நெருக்கி, குறை ஒன்றும் இல்லாததுபோலக் காட்டினாருமல்லர். கிடைக்காததைக் கிடைக்கவில்லை என்றார். சிதைந்த அடிகளைச் சிதைந்தவாறே விட்டார். எவ்வெவர் வீட்டு ஏடுகளைக் கொண்டு பதிப்பித்தார் என்பதையும் நன்றியோடு எழுதிவைத்தார்.

இலக்கியச் செய்தியோடு தொடங்கினும் இக்கட்டுரை இலக்கியத்தைப் பற்றியதன்று. ஆவணப்படங்களுக்காகப் பழைய படச்சுருள்களைத் தேடியெடுக்கும் பணியைப் பற்றியது. அப்பணியும் ஒருவகைப் பதிப்புப் பணியே என்பதும், ஏடு பதிப்பித்தோரை அளக்கும் கோலாலேயே படம் தேடுவோரையும் அளத்தல் வேண்டும் என்பதும் எம் கருத்து. இக்கருத்து ஏன் எழுந்தது என்பதை முதலிற் சொல்லிவிடுகின்றோம்.

ஒரு மூதாட்டியின் ஐயம்

சில ஆண்டுகளுக்கு முன் தீபகற்பத்தின் வடபகுதியில் ஒரு சிற்றூர் மண்டபத்தில், நம் தோட்டப்புற மக்களின் வாழ்வைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றைக் காட்டினார்கள். நல்ல நோக்கத்தோடு எடுக்கப்பட்ட படம். பின்னணியில் உருக்கமான குரல், "எங்கள் பாட்டிமார் பால்மரக் காட்டில் வியர்வை சிந்தினார்கள்" என்று சொல்லிக்கொண்டிருந்தது. திரையிலோ மலைச்சரிவில் வரிசையாக நின்று, முதுகிற் கூடை தாங்கிப் பெண்கள் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தார்கள்.

எம் அருகில் அமர்ந்திருந்த மூதாட்டியார், பல்லாண்டு மரம் வெட்டியவர், மெல்லக் கேட்டார்: "ஐயா, நாங்க கூடை போட்டதே இல்லியே. உளியும் காண்டா வாளியுந்தானே எங்களுக்கு. இது யாரு வீட்டுப் புள்ளைங்களோ?"

கேமரன் மலையிலும் தேயிலை உண்டே என்று சமாதானம் கூறலாம். ஆனால் குரல் சொன்னது தேயிலையை அன்று, ரப்பரை. நிகழ்ச்சி முடிந்தபின் படத்தோடு தொடர்புடைய இளைஞர் ஒருவரிடம் வினவினோம். அவர் ஒளிக்கவில்லை. "பழைய படம் கிடைக்கலீங்க ஐயா. ஏதாவது ஒண்ணு போடணுமே, போட்டுட்டோம்" என்றார்.

‘ஏதாவது ஒன்று’ என்னும் அச்சொல்லே இக்கட்டுரைக்கு வித்து. மூதாட்டியார் மறைந்த பிறகு, அப்படத்தைப் பார்க்கும் பேரக்குழந்தைகளுக்கு அந்தக் கூடையே பாட்டியின் கூடையாகிவிடும். ஏட்டிற் புகுந்த இடைச்செருகல் மூலபாடமாகிவிடுவதும் இவ்வாறுதானே?

செட்டியார் தேடிய தேட்டம்

படம் தேடுவதில் தமிழருக்கு முன்னோடி இல்லாமலில்லை. உலகே வியக்கத்தக்க முன்னோடி ஒருவர் உண்டு. அவர் கோட்டையூரிற் பிறந்த ஏ. கே. செட்டியார் (1911–1983). பர்மாவில் ‘தனவணிகன்’ இதழை நடத்தியவர். தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்று நம் வாசகர் நன்கறிந்தவர்.

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் செல்லும் கப்பலில் இருந்தபோது, காந்தியடிகளின் வாழ்வை ஒரு டாக்குமெண்டரிப் படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அன்று அண்ணலின் பிறந்தநாள். செட்டியாருக்கு அப்போது இருபத்தாறு வயது நிரம்பவில்லை.

அவர் நினைத்திருந்தால் ஒரு காமிராவைத் தூக்கிக்கொண்டு நேரே வார்தாவுக்குச் சென்று, முதியவரான காந்தியைச் சில நாள் படமெடுத்துவந்து காட்டியிருக்கலாம். அவ்வளவில் அவர் நிற்கவில்லை. அண்ணலை ஏற்கெனவே பலர் படமெடுத்துவிட்டார்கள். அப்படங்கள் உலகெங்கும் சிதறிக் கிடக்கின்றன. அவற்றைத் திரட்டினால் ஒரு வாழ்வு முழுவதும் திரையில் எழும் என்று கண்டார். இந்த நோக்கே அவருடைய பெருமை. ஊர்தோறும் பரண்மேற் கிடந்த ஏடுகள் ஒன்றுசேர்ந்தால் ஒரு பேரிலக்கியம் எழும் என்று கண்டவர்களின் நோக்கும் இதுவே.

சென்னையில் டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்னும் நிறுவனத்தை அமைத்துக்கொண்டு, இந்தியா, தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா எனப் பல திசைகளிலும் தேடினார். முப்பதாண்டுக் காலத்தில் நூற்றுக்கு மேற்பட்ட படப்பிடிப்பாளர்கள் எடுத்தவற்றிலிருந்து ஏறக்குறைய 50,000 அடிப் படம் திரண்டது. 35 மில்லிமீட்டர்ப் படம், பேசும் படத்தின் வேகத்தில், நிமிடத்திற்கு 90 அடி ஓடும். அவ்வாறாயின் அவர் திரட்டியது ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட படம். அதிலிருந்து சுமார் 12,000 அடியைத் தெரிந்தெடுத்தார். இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான படம் அது. 1940 ஆகஸ்டில் தமிழ் விளக்கவுரையோடு அது சென்னையில் திரைக்கு வந்தது. அப்போது ஐரோப்பாவில் போர் மூண்டு ஓராண்டு ஆகிக்கொண்டிருந்தது. நாட்டை ஆண்டது எந்த அரசு என்பதையும் நினைவிற்கொள்க.

அந்நாளில் செய்திப்படங்களைச் சேமித்து, அட்டவணையிட்டு, கேட்டவர்க்கு எடுத்துத் தரும் ஏற்பாடு இன்றுபோல் இல்லை. செய்திப்படம் என்பது வாரந்தோறும் மாறும் சரக்கு. அடுத்த வாரம் புதியது வந்ததும் பழையதற்கு மதிப்பில்லை. ஆகவே தேடுபவர் கம்பெனியைத் தேட வேண்டும். கம்பெனி மூடப்பட்டிருப்பின் படமெடுத்த மனிதரைத் தேட வேண்டும். சுருள் கிடைத்தால் அதில் இருப்பது எந்த ஆண்டு, எந்த ஊர் என்று தெளிய வேண்டும். இத்தனையையும் தனி மனிதராக நின்று முயன்றார் என்பதை எண்ணுந்தோறும் வியப்பே மிகுகின்றது.

எனினும் திறனாய்வு என்பது போற்றுதல் மட்டுமன்று. செட்டியாரின் முறையில் உள்ள எல்லையையும் காணல் வேண்டும். அவர் தேடியவை பெரும்பாலும் பிறர் தம் நோக்கத்துக்காக எடுத்தவை. செய்திப்படக்காரன் கூட்டம் இருக்கும் இடத்துக்குச் செல்வான். கப்பல் வந்து நிற்கும் துறைமுகத்துக்குச் செல்வான். மாநாட்டு வாயிலில் நிற்பான். நள்ளிரவில் கடிதம் எழுதும் காந்தியையோ, ஐயத்தில் வருந்தும் காந்தியையோ அவன் படமெடுக்கமாட்டான். 1893 முதல் 1914 வரை அண்ணல் தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்தார். தில்லையாடி வள்ளியம்மை முதலான தமிழர்கள் அவரோடு நின்று துன்புற்ற காலம் அது. அவரை உருவாக்கிய அந்த இருபது ஆண்டுகளுக்கும், பிற்காலத்து ஓர் இலண்டன் பயணத்துக்கும் கிடைக்கும் படத்தின் அளவு ஒன்றாகுமா? ஆகாது. கிடைத்த படத்தைக் கொண்டு வரலாறு அமைப்பவர், காமிரா சென்ற வழியே வரலாறும் சென்றது என்று பார்ப்பவரை நம்பவைத்துவிடும் இடர் எப்போதும் உண்டு.

இவ்விடருக்கு மாற்று ஒன்றும் செட்டியாரிடமே உண்டு. தாம் எவ்வாறு தேடினார், எங்கே சென்றார், யாரைக் கண்டார் என்பதைப் பிற்காலத்தில் தாம் நடத்திய ‘குமரி மலர்’ இதழில் எழுதினார். அவை ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்னும் நூலாக, ஆ. இரா. வேங்கடாசலபதியின் பதிப்பில், அவர் மறைந்த பின் வெளிவந்தன. அந்நூல் அவருடைய படத்துக்கு வாய்த்த பதிப்புரை என்றே சொல்லலாம். படம் தேடும் ஒவ்வொருவரும் இத்தகைய பதிப்புரை ஒன்றை எழுதிவைப்பாராயின், நம் குறைகளில் பாதி தீரும்.

படச்சுருளின் எழுத்தமைதி

ஏட்டின் காலத்தை எழுத்தமைதி காட்டும். படச்சுருளின் காலத்தை எது காட்டும்? அதற்கும் வழிகள் உண்டு. கோடாக் நிறுவனம் தன் பிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் முதலிய சிறு குறிகளைப் பதித்து வந்தது. எந்த ஆண்டில் அந்தப் பிலிம் ஆலையில் செய்யப்பட்டது என்பதை அக்குறிகள் காட்டும். ஆனால் இருபது ஆண்டுக்கு ஒருமுறை அதே குறிகள் திரும்பவும் வந்தன. ஆகவே, குறியைக் கண்டவுடன் 1927 என்று துணிந்துவிடுதல் கூடாது. 1947 ஆகவும் இருக்கலாம். மேலும் ஆலையில் செய்யப்பட்ட ஆண்டும் படமெடுத்த ஆண்டும் ஒன்றாக இருக்கவேண்டும் என்பதில்லை. சுருளிலிருந்து சுருள் நகலெடுக்கும்போது மூலத்தின் குறியும் நகலின் குறியும் சேர்ந்தே தோன்றுவதும் உண்டு. ஏடு பெயர்த்தெழுதியவன் பழைய ஏட்டின் நாளையும் தன் நாளையும் சேர்த்து எழுதியதுபோன்ற நிலை அது.

எனவே அகச்சான்றும் வேண்டும். தெருவில் ஓடும் வண்டி எத்தகையது? கடைப்பலகையில் என்ன எழுதியிருக்கிறது? நிழல் எப்பக்கம் விழுகிறது? படப்பிடிப்பாளர் சுருளோடு அனுப்பிய குறிப்புத்தாள் கிடைக்கிறதா? இவற்றையெல்லாம் ஒப்புநோக்கித் துணிவதே ஆராய்ச்சி.

ஓடும் வேகமும் ஆராய்ச்சிக்குரியது. ஊமைப்படக் காலத்தில் நொடிக்குப் பதினாறு, பதினெட்டு படங்கள் என்ற அளவில் எடுத்தார்கள். பேசும் படம் வந்தபின் நொடிக்கு இருபத்துநான்கு என்பது வழக்காயிற்று. முன்னதைப் பின்னதன் வேகத்தில் ஓட்டினால் மனிதர் பொம்மைகள்போல் துள்ளுவர். காந்தியடிகள் இயல்பாகவே விரைந்து நடப்பவர்தாம். ஆயினும் சில பழைய படங்களில் அவர் ஓடுவதுபோலத் தோன்றுவது அவர் நடையன்று, எந்திரத்தின் நடை. அதனைச் சீர்செய்தல் எழுத்துப்பிழை திருத்துவதற்கு ஒப்பாகும்.

ஆனால் எல்லை எங்கே? 2018ஆம் ஆண்டில் பீட்டர் ஜாக்சன் என்னும் இயக்குநர், இலண்டனில் உள்ள போர் அருங்காட்சியகத்தின் முதல் உலகப்போர்ச் சுருள்களைக் கொண்டு ஒரு படம் அமைத்தார். ஏறக்குறைய நூறு மணி நேரப் படத்தை ஆராய்ந்து, வேகத்தைச் சீர்செய்தார், வண்ணமும் ஏற்றினார், வீரர்களின் உதட்டசைவைப் படிக்க வல்லாரைக்கொண்டு சொற்களை அறிந்து, வேறு குரல்களிற் பேசவும் வைத்தார். பார்த்தோர் கண்கலங்கினர். எம் மதிப்பீட்டில் வேகத்தைச் சீர்செய்தது பதிப்பாசிரியர் கடமை. வண்ணமும் குரலும் உரையாசிரியர் உரிமை. உரை சிறந்ததாகலாம், மூலத்தினும் இனிதாகவும் இருக்கலாம். ஆயினும் உரையை மூலம் என்று சொல்லிக் கொடுத்தல் முறையன்று.

பெயர் மாறிய சிறுமி

தவறான படம் எவ்வளவு எளிதாக மெய்யாகிவிடும் என்பதற்கு உருசியாவிலிருந்து ஒரு சான்று. 1917ஆம் ஆண்டுப் புரட்சியில் குளிர்கால மாளிகை கைப்பற்றப்பட்ட காட்சி என்று நூல்களிலும் படங்களிலும் நாம் காணும் மாபெரும் மக்கள் பாய்ச்சல், பத்தாண்டுக்குப் பின் ஐசன்ஸ்டைன் ‘அக்டோபர்’ என்னும் கதைப்படத்துக்காக நடிகரையும் மக்களையும் கொண்டு அமைத்த காட்சி. கலைஞர் அதைக் கலையென்றே எடுத்தார். பின்வந்தோர் அதை ஆவணமாக்கினர்.

மற்றொரு சான்று இன்னும் நெஞ்சைத் தொடுவது. 1944 மே மாதத்தில், நெதர்லாந்தில் வெஸ்டர்போர்க் என்னும் நாசி முகாமிலிருந்து ஒரு ரயில் ஆஷ்விட்ஸ் கொலைமுகாமுக்குப் புறப்பட்டது. முகாம் தலைவனின் ஆணைப்படி, கைதியாக இருந்த ருடால்ஃப் பிரெஸ்லவர் என்பவர் அதனைப் படமெடுத்தார். சரக்குப் பெட்டியின் கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய சிறுமி ஒருத்தி சில நொடி எட்டிப்பார்க்கிறாள். போருக்குப் பின் எத்தனையோ ஆவணப்படங்களில் அந்தச் சில நொடிகள் இடம்பெற்றன. 1956இல் வந்த அலேன் ரெனேயின் புகழ்பெற்ற படத்திலும் உண்டு. பெயர் தெரியாத யூதச் சிறுமி என்றே உலகம் அவளை எண்ணி அழுதது.

ஆத் வாகனார் என்னும் நெதர்லாந்துப் பத்திரிகையாளர் அவ்வளவில் நிறைவடையவில்லை. ஐம்பதாண்டுக்குப் பிறகு சுருளைப் படம்படமாக நிறுத்திப் பார்த்து ஆராய்ந்தனர். பயணி ஒருவரின் பெட்டிமேல் எழுதியிருந்த பெயரும் பிறந்தநாளும் அந்த ரயில் எந்நாளில் புறப்பட்டது என்பதைக் காட்டின. அதே வண்டியிற் சென்று உயிர் மீண்ட ஒருத்தியின் சாட்சியம் சிறுமியை அடையாளம் காட்டிற்று. 1994இல் உண்மை வெளிப்பட்டது. அவள் யூதச் சிறுமி அல்லள். சிந்தி என்னும் நாடோடி இனத்தைச் சேர்ந்த செட்டெலா ஸ்டைன்பாக். ஒன்பது வயதில் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டவள்.

யாராக இருந்தால் என்ன, இரக்கம் ஒன்றுதானே என்று கேட்போர் இருக்கலாம். ஒன்றன்று. நாசிகள் அழித்த சிந்தி, ரோமா மக்களை உலகம் நெடுங்காலம் நினைக்கவே இல்லை. அவர்தம் துயருக்கு முகமாக விளங்கிய ஒரே சிறுமியையும் பெயர் மாற்றி வைத்திருந்தோம். எமது மண்டபத்து மூதாட்டியார் "இது யாரு வீட்டுப் புள்ளைங்களோ?" என்று கேட்டாரே, அக்கேள்வியைத்தான் வாகனாரும் கேட்டார். திரையில் வந்த கொழுந்துப் பெண்களும் யாரோ ஒருவரின் பாட்டிமார்தாமே! அவர்களின் உழைப்பை எடுத்து நம் கணக்கில் எழுதிக்கொள்ள நமக்கு உரிமை ஏது?

யார் கண்ணாற் பார்த்த படம்?

கிடைத்த படம் மெய்யானதாகவே இருப்பினும், அதை எடுத்த கண் யாருடையது என்னும் கேள்வி எஞ்சி நிற்கின்றது. இதற்கு நல்ல விடை தந்தவர் எஸ்ஃபிர் ஷூப் என்னும் உருசியப் பெண்மணி. 1927இல் ‘ரோமனோவ் அரசமரபின் வீழ்ச்சி’ என்னும் படத்தை அமைத்தார். பழைய சுருள்களை மட்டுமே கொண்டு முழுநீளப் படம் அமைக்கும் மரபுக்கு வழிவகுத்த படம் அது. ஏறக்குறைய 60,000 மீட்டர்ச் சுருளைப் பார்வையிட்டார். அவற்றுள் ஜார் மன்னரின் குடும்பத்தார் தம் மகிழ்ச்சிக்காக எடுக்கச் செய்த படங்களும் இருந்தன. அரச குடும்பம் ஆடிக் களிக்கும் காட்சியையும் உழவர் பாடுபடும் காட்சியையும் அடுத்தடுத்து வைத்தார். மன்னர் தம் பெருமைக்காக எடுப்பித்த படமே அவருக்கு எதிர்ச்சாட்சி ஆயிற்று.

ஷூப் செய்தது தேர்ச்சி மிக்க பணி என்பதில் ஐயமில்லை. எனினும் அரசின் பிரசாரத்துக்குப் பயன்பட்ட பணி என்பதையும் மறைத்தல் கூடாது. அடுத்தடுத்து வைப்பதாலேயே பொருள் பிறக்கும் என்றால், அப்பொருளுக்கு வைத்தவரே பொறுப்பாவர்.

நம் மலாயாவுக்கு இது மிகவும் பொருந்தும். நம் முன்னோர் பழைய படங்களில் இல்லாமலில்லை. ஆங்கிலேயர் ஆட்சியில் ரப்பர்த் தொழிலின் சிறப்பைக் காட்டவும், அரசின் நன்மைகளை எடுத்துரைக்கவும் படங்கள் எடுக்கப்பட்டன. 1946இல் மலாயாத் திரைப்படப் பிரிவு தொடங்கியபின் அவை பெருகின. அவற்றில் தமிழர் மரம் வெட்டுகிறார்கள், பால் சுமக்கிறார்கள், காமிராவைப் பார்த்துச் சில வேளை சிரிக்கவும் சிரிக்கிறார்கள். ஆனால் பெயரில்லை, பேச்சில்லை. விளக்கவுரை பேசுவது வேறொருவர். இப்படங்களைப் பயன்படுத்தும் தமிழர், படத்தை எடுத்துக்கொண்டு அதன் பழைய குரலை மட்டும் நீக்கிவிட்டால் போதாது. இதை எடுத்தவர் இன்னார், எடுத்த நோக்கம் இன்னது என்று பார்ப்பவர்க்குச் சொல்லவும் வேண்டும். அப்போதுதான் அந்தச் சிரிப்பை எவ்வாறு பொருள்கொள்வது என்பதை நாம் ஆராய முடியும்.

இன்று தேடுதல் எளிதாகியிருக்கிறது. காலனிய ஆட்சிக்காலப் படங்களின் விரிவான அட்டவணையைப் பிரிட்டிஷ் நிறுவனங்கள் கூடி 2010இல் இணையத்தில் வெளியிட்டன. மலாயாப் படங்கள் பலவற்றின் விவரம் அதில் உண்டு. பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014இல் ஏறத்தாழ 85,000 செய்திப்படங்களை யூடியூபில் ஏற்றியது. செட்டியார் கண்டிருந்தால் எவ்வளவு மகிழ்ந்திருப்பார்! ஆனால் எளிதிற் கிடைப்பதை ஆராயாமல் எடுக்கும் பழக்கமும் உடன்வந்தது. ‘தோட்டத் தொழிலாளர்’ என்று தட்டினால் உடனே ஒரு படம் வருகின்றது. அது எந்த நாட்டுத் தோட்டம் என்று பார்ப்பவர் எத்தனை பேர்?

வெற்றிடம் பேசும்

இனி, எல்லாவற்றிலும் கடினமான கேள்விக்கு வருவோம். நேர்மையாகத் தேடியும் படம் கிடைக்காவிட்டால் என்ன செய்வது?

1942, 1943ஆம் ஆண்டுகளில் சப்பானியர் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை அமைத்தனர். மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர் அதற்குக் கொண்டுசெல்லப்பட்டனர். மீளாதவர் மிகப் பலர். வெள்ளைக்காரப் போர்க்கைதிகள் ஒளித்துவைத்து வரைந்த ஓவியங்கள் உள்ளன. அவர்கள் எழுதிய நூல்கள் உள்ளன. நம்மவரைக் காட்டும் அசையும் படங்களோ மிகமிக அரியவை. அந்தப் பாதையைப் பற்றி உலகம் அறிந்திருப்பது பெரும்பாலும் 1957இல் வந்த குவாய் நதிப் பாலக் கதைப்படத்தால். அந்தப் பாலம் படத்துக்காக இலங்கையில், கித்துள்கல என்னுமிடத்தில் கட்டப்பட்டது. கதையோ வெள்ளைக்காரப் படைவீரரைப் பற்றியது. தமிழன் செத்த பாதையில் தமிழனுக்கு இடமில்லை.

இத்தகைய இடத்தில் ஆவணப்படக்காரருக்குச் சோதனை வருகிறது. வேறு போரின் படத்தை எடுத்து ஒட்டலாமா? நடிகரைக்கொண்டு எடுத்துப் பழையதுபோலக் கீறல் சேர்க்கலாமா? இப்போது செயற்கை நுண்ணறிவைக்கொண்டு ஒருபோதும் நிகழாத படத்தையும் ஆக்கலாம். மூன்றும் ஒன்றே: 267ஆம் பாடலை நாமே எழுதி, சங்கப் புலவர் பெயரை இடுவதற்கு நிகர்.

வேறு வழி இல்லையா? உண்டு. பிரெஞ்சு இயக்குநர் க்ளோட் லான்ஸ்மான் 1985இல் வெளியிட்ட ‘ஷோவா’ என்னும் படம் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடுவது. யூதர் அழிக்கப்பட்ட வரலாற்றைச் சொல்லும் அப்படத்தில் பழைய சுருள் ஓர் அடியும் இல்லை. உயிர் மீண்டோரின் முகமும் பேச்சும், இன்று புல் முளைத்துக் கிடக்கும் இடங்களும் மட்டுமே உள்ளன. பழைய படமே கூடாது என்னும் அவருடைய பிடிவாதத்தை நாம் ஏற்க வேண்டுவதில்லை. ஆனால் படம் இல்லாத இடத்தை இல்லாததாகவே காட்டினாலும் பார்ப்பவர் உள்ளம் நடுங்கும் என்பதற்கு அது சான்று. மரண ரயிலிலிருந்து மீண்ட நம் முதியோர் பேசிப் பதிவான சொற்கள் உள்ளன. அவை ஒலிக்கும்போது திரை இருண்டிருந்தால் குறையொன்றுமில்லை. "இவர்களை எவரும் படமெடுக்கவில்லை" என்னும் ஒரு வரி எழுதினால், அந்த இருள் பெருஞ்செய்தி ஒன்றைச் சொல்லிவிடும்.

தேடியவர் தேடப்பட்ட கதை

கண்டெடுத்த படமும் நிலைத்திருப்பதில்லை. அரை நூற்றாண்டுக் காலம் திரைப்படத் தொழிலில் வழங்கிய நைட்ரேட் பிலிம் எளிதிற் பற்றியெரிவது. எரியாவிடினும் காலப்போக்கில் பிசுபிசுத்துப் பொடியாவது. உரிமைச் சிக்கலும் ஒன்று உண்டு. அமெரிக்கக் கறுப்பர்களின் உரிமைப் போரைச் சொல்லும் ‘ஐஸ் ஆன் தி பிரைஸ்’ என்னும் பதினான்கு பகுதி ஆவணப்படம் 1987இலும் 1990இலும் வெளிவந்தது. அதிற் கையாண்ட பழைய படங்களுக்கும் பாடல்களுக்கும் குறிப்பிட்ட ஆண்டுகளுக்கே உரிமை வாங்கியிருந்தனர். தவணை முடிந்ததும், 1990களின் இடைப்பகுதியிலிருந்து அதனை ஒளிபரப்ப இயலாமற்போயிற்று. பெரும்பொருள் நன்கொடை பெற்று உரிமைகளைப் புதுப்பித்த பின்னரே 2006இல் மீண்டும் தொலைக்காட்சிக்கு வந்தது. ஓரினத்தின் வரலாறு ஒப்பந்தத் தவணையால் பத்தாண்டு பூட்டிக் கிடந்தது.

செட்டியாரின் கதை இதனினும் வருந்தத்தக்கது. உலகெங்கும் சிதறிய சுருளைத் திரட்டியவரின் படமே பின்னர்ச் சிதறிற்று. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில விளக்கவுரையோடு ஒரு வடிவம் உருவாயிற்று. 1940ஆம் ஆண்டுத் தமிழ் வடிவமோ நெடுங்காலம் எவர் கண்ணிலும் படவில்லை. செட்டியார் மறைந்து இருபதாண்டுக்குப் பின், அவருடைய நூலைப் பதிப்பித்த வேங்கடாசலபதியே தேடி, அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் அந்த ஆங்கில வடிவம் இருப்பதைக் கண்டறிந்தார். தேடியவரைத் தேட இன்னொருவர் வேண்டியிருந்தது! ஏடு காத்த பெருமையைப் பேசும் நாம், படம் காக்கத் தவறினோம் என்பதை ஒப்புக்கொள்வதே நேர்மை.

நாம் செய்யத்தக்கது

ஆசிரியர்கள் வகுப்பில் ஆவணப்படம் காட்டும்போது, பாடம் நடத்துவதற்கு முன் நான்கு கேள்விகளை மாணவர் முன் வைக்கலாம். இப்படத்தை எடுத்தவர் யார்? எப்போது, எங்கே எடுத்தார்? யாருக்காக எடுத்தார்? குரல் சொல்வதும் கண் காண்பதும் ஒன்றுதானா? பாடபேதம் கற்பிக்கும் நமக்கு இக்கேள்விகள் அயலானவையல்ல.

இன்னொன்று, கையோடு செய்யத்தக்கது. நம் இல்லங்களில் திருமணத்தையும் தீமிதியையும் எட்டு மில்லிமீட்டர்ச் சுருளிலும் வீடியோ நாடாவிலும் எடுத்துவைத்த குடும்பங்கள் உண்டு. பெட்டியைத் திறந்து, படத்தில் இருப்பவர் பெயரையும் ஊரையும் ஆண்டையும் பெரியவர்களைக் கேட்டு ஒரு தாளில் எழுதி உள்ளே வையுங்கள். இருநாட்டு தேசியக் காப்பகங்களுக்கும் தெரிவியுங்கள். நாளை ஓர் இளைஞர் "பழைய படம் கிடைக்கலீங்க" என்று கைவிரிக்காதிருக்க அதுவே வழி.

மண்டபத்தில் கண்ட அந்த இளைஞரை நாம் கடிந்துகொள்ளவில்லை. தேடுவதற்கு ஓர் இடத்தையும், தேடும் முறையையும் அவருக்கு நாம் கற்றுக்கொடுக்கவில்லை. புறநானூற்றில் இரண்டு எண்களுக்கு நேரே உள்ள வெற்றிடத்தை அவருக்கு யாரேனும் ஓர் ஆசிரியர் பள்ளியிற் காட்டி, இது ஏன் இவ்வாறு விடப்பட்டது என்று விளக்கியிருந்தால், கொழுந்துக் கூடையை அவர் கைதொட்டிருக்கமாட்டார்.